மேட்டூர் நிலவரமும் உங்கள் வாய்க்காலும்: தண்ணீர்க் கணக்கு பார்ப்பது எப்படி

மேட்டூர் திறந்தாச்சு என்று கேட்ட அன்றைக்கே டெல்டாவில் பலரும் விதைநெல்லை ஊறப்போட்டுவிடுகிறோம். திறந்தது எவ்வளவு, அது எத்தனை நாளைக்கு வரும், நம் வாய்க்காலுக்கு அதில் எவ்வளவு சேரும் என்று கணக்குப் போட்டுவிட்டு வயலில் இறங்குகிறவர்கள் குறைவு. 2023-இல் ஜூன் 12 அன்று திறந்த அணையை, மட்டம் முப்பது அடிவாக்கில் போய்விட்டதால், அக்டோபர் 10 அன்று மூட வேண்டி வந்தது. தினசரி வரத்தையும் திறப்பையும் கூட்டிக்கழித்து வந்தவர்களுக்கு அது ஆகஸ்டிலேயே தெரிந்துவிட்டது. அந்தக் கணக்கு ஒன்றும் கஷ்டமில்லை, பத்தாம் வகுப்புப் பையனே போடலாம்.

தினமும் காலை 8 மணி நிலவரம் என்று நான்கு எண்கள் வரும்: நீர்மட்டம், இருப்பு, வரத்து, திறப்பு. எல்லோரும் முதலில் பார்ப்பது நீர்மட்டத்தை, ஏமாறுவதும் அதில்தான். மேட்டூரின் முழு உயரம் 120 அடி, கொள்ளளவு 93.47 டி.எம்.சி. 60 அடி இருந்தால் பாதி அணை என்று நினைத்துவிடாதீர்கள், அணை மேலே போகப்போக அகலம் என்பதால் 60 அடியில் சுமார் 25 டி.எம்.சி.தான், அதாவது கால் பங்குக்குக் கொஞ்சம் மேலே. 100 அடியில் சுமார் 65. அதனால் அடியை விட்டுவிட்டு இருப்பைப் பாருங்கள்.

ஒரு டி.எம்.சி. என்பது 100 கோடி கன அடி. நாளுக்கு 86,400 வினாடி, ஆகவே வினாடிக்கு 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுக்க ஓடினால் ஒரு டி.எம்.சி. இந்த ஒரு எண்ணை மனப்பாடம் செய்துகொண்டால் போதும். இருப்பு 65 டி.எம்.சி., வரத்து வினாடிக்கு 2,000 கன அடி, திறப்பு வினாடிக்கு 12,000 என்று வையுங்கள். வினாடிக்கு 10,000 கன அடி வீதம் குறைகிறது, அது நாளுக்கு 0.86 டி.எம்.சி. குடிநீருக்கென்று 10 டி.எம்.சி.யைத் தொடாமல் வைப்பதாகக் கொண்டால் மீதி 55, அதை 0.86-ஆல் வகுத்தால் 64 நாள் வருகிறது. 64 நாளில் நீங்கள் போடும் ரகம் எந்தப் பருவத்தில் இருக்கும்? அதை யோசித்துவிட்டு விதையுங்கள்.

வரத்து எப்போது கூடும் என்று தெரிய மேலே போக வேண்டும். கர்நாடக எல்லையைத் தாண்டி நமக்கு வருவதை பிலிகுண்டுலுவில் மத்திய நீர் ஆணையம் அளக்கிறது. கர்நாடகம் நமக்கு ஆண்டுக்குத் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2018-இல் சொன்ன 177.25 டி.எம்.சி.யும் அந்த இடத்தில் அளப்பதுதான்: ஜூனில் 9.19, ஜூலையில் 31.24, ஆகஸ்டில் 45.95, செப்டம்பரில் 36.76 என்று மாதக் கணக்கு இருக்கிறது. அன்றாட அளவைக் கூட்டி இதோடு ஒப்பிட்டுப் பார்த்தால், காவிரி நீர் ஒழுங்காற்றுக் குழு கூடும்போது எதைப் பற்றிப் பேசுகிறார்கள் என்பது புரியும். கர்நாடக அணைகளான கிருஷ்ணராஜ சாகர், கபினி இரண்டின் மட்டத்தையும் கூடவே பாருங்கள். அவை நிரம்பும் தறுவாயில் இருந்தால் உபரி வரப்போகிறது. அங்கே திறப்பது பிலிகுண்டுலுவுக்கு வர இரண்டு மூன்று நாள், மேட்டூரில் திறப்பது கல்லணைக்கு வரவும் ஏறக்குறைய மூன்று நாள். ஆனால் மேட்டூரில் 10,000 விட்டால் கல்லணையில் 10,000 வராது. வழியில் கால்வாய்கள் எடுக்கும், காய்ந்த மணல் குடிக்கும். பவானியிலும் அமராவதியிலும் தண்ணீர் ஓடினால் அது வந்து சேரும்.

கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று பிரிகிறது. உங்கள் வாய்க்கால் எந்த ஆற்றில் தலைப்பு எடுக்கிறதோ, அதாவது தொடங்குகிறதோ, அந்த ஆற்றில் எவ்வளவு விடுகிறார்கள் என்பதுதான் உங்களுக்கு வேண்டிய எண், மேட்டூர் எண் அல்ல.

அதற்குப் பிறகு யாரும் உங்களுக்காக அளக்கப்போவதில்லை, நாமே அளக்க வேண்டும். முதலில் தலைப்பு மதகுக்குப் பக்கத்திலும் வாய்க்கால் முடிகிற கடைமடைப் பாலத்துச் சுவரிலும் பெயின்டால் ஓர் அளவுகோல் வரையுங்கள், தரைமட்டம் பூஜ்யம், ஐந்து சென்டிமீட்டருக்கு ஒரு கோடு. ஷட்டரை ஒட்டித் தண்ணீர் கொந்தளிக்கும் இடத்தில் வரையாதீர்கள். தினமும் ஒரே நேரத்தில், காலை ஏழு மணி என்றால் ஏழு மணிக்கே, பார்த்து நோட்டில் எழுதுங்கள்.

மட்டம் மட்டும் தெரிந்தால் போதாது, ஓட்டம் தெரிய வேண்டும். வளைவில்லாத, புல் இல்லாத ஒரு பத்து மீட்டர் நீளத்தைத் தேர்ந்தெடுத்து அதன் இரண்டு முனையிலும் குச்சி நடுங்கள். அகலத்தை அளந்து, அரை மீட்டருக்கு ஓர் இடமாக ஆழம் பார்த்துச் சராசரி எடுங்கள். அப்புறம் பாதி தண்ணீர் நிரப்பி மூடிய பிளாஸ்டிக் பாட்டில் ஒன்றை முதல் குச்சிக்குச் சற்று முன்னாலேயே போட்டு, அது குச்சிக்குக் குச்சி போகும் நேரத்தை செல்போனில் பிடியுங்கள். தெர்மாகோல் வேண்டாம், காற்று தள்ளும், தண்ணீரின் வேகம் கிடைக்காது. ஐந்து தடவை போட்டுச் சராசரி எடுங்கள். அகலம் 3 மீட்டர், ஆழம் 0.6, பத்து மீட்டரை 20 வினாடியில் கடந்தால் வேகம் 0.5. மேல்பரப்பு வேகமாகவும் அடி மெதுவாகவும் ஓடும் என்பதால் அதை 0.85-ஆல் பெருக்க வேண்டும், கரடுமுரடான மண் வாய்க்கால் என்றால் 0.8 போடுங்கள். 3 × 0.6 × 0.5 × 0.85 = 0.765 கன மீட்டர். ஒரு கன மீட்டர் 35.3 கன அடி, ஆக வினாடிக்கு 27 கன அடி. வெள்ளம் ஓடும்போது இறங்காதீர்கள், பாலத்து மேலிருந்து பாட்டிலைப் போட்டால் போதும், ஆழத்தைத் தண்ணீர் வடிந்த பிறகு அளந்துகொள்ளலாம்.

நான்கைந்து வெவ்வேறு மட்டங்களில் இப்படி அளந்து எழுதி வைத்துவிட்டால் பிறகு கோட்டைப் பார்த்தே ஓட்டத்தைச் சொல்லலாம். தூர் வாரினாலும் ஆகாயத்தாமரை மண்டினாலும் அந்த அட்டவணை செல்லாது, திரும்ப அளக்க வேண்டும். கீழே ஷட்டரை இறக்கினால் ஓட்டம் இல்லாமலே மட்டம் ஏறும், அன்றைக்கு அதையும் நோட்டில் குறித்துவிடுங்கள்.

எங்கள் வாய்க்காலில் முதல் தடவை அளந்தபோது தலைப்பில் 27, கடைமடையில் 9. அதுவரை மேலே விடவே இல்லை என்று மறியல் வரைக்கும் போயிருக்கிறோம். நடுவில் நான்கு இடத்தில் அளந்தபோது, ஒரே ஒரு உடைந்த மதகில் எட்டு கன அடி வடிகாலுக்குப் போய்க்கொண்டிருந்தது தெரிந்தது. அலுவலகத்தில் தண்ணீர் வரலை என்று சொன்ன காலத்தில் எழுதிக்கொண்டார்கள், அவ்வளவுதான். பதினைந்து நாள் நோட்டோடு இந்த மதகில் எட்டு கன அடி போகிறது என்று காட்டியபோது பொறியாளர் மறுநாளே வந்து பார்த்தார்.

முறைவைத்துப் பாய்ச்சவும் இதே எண் உதவும். வினாடிக்கு ஒரு கன அடி வீதம் 24 மணி நேரம் ஓடினால், கசிவை விட்டுவிட்டுப் பார்த்தால், எட்டு ஏக்கருக்கு மூன்று அங்குலம் தண்ணீர் கட்டலாம். 9 கன அடி வந்தால் 72 ஏக்கர். கசிவுக்குக் கால்பங்கு தள்ளி 54 என்று வைத்து, ஏக்கருக்கு இத்தனை நிமிடம் என்று பிரித்து, மாரியம்மன் கோயில் சுவரில் எழுதிப் போடுங்கள். எங்கள் ஊரில் ஏக்கருக்கு 26 நிமிடம் என்று எழுதியிருக்கிறோம், ராத்திரி முறை யாருக்கு என்பது வாரத்துக்கு ஒரு தடவை மாறும்.