எல்லையோர ஹாட்ஸ்பாட்டும் பாதியில் நின்ற கிரேடிலும்: ஆண்ட்ராய்டு ஸ்டூடியோ பில்டு எரரைச் சரிசெய்வது

புது புராஜெக்ட்டைத் திறந்ததும் சிங்க் (பில்டுக்கு வேண்டியதைத் தயார்செய்யும் படி) சிவப்பில் நின்றுவிட்டதா? பில்டு ஜன்னலில் வரும் எரரை மேலிருந்து படிக்க வேண்டாம். கடைசி 'காஸ்ட் பை' வரிக்கு நேராகப் போங்கள்.

அங்கே 'ஜிப் எண்ட் ஹெடர் நாட் ஃபவுண்ட்' என்றிருந்தால் உங்கள் கோடில் தப்பே இல்லை. ஆப்பை பில்டு செய்யும் கருவியான கிரேடிலின் ஜிப் முழுசாக இறங்கவில்லை, அவ்வளவுதான். கம்பம், செங்கோட்டை, களியக்காவிளை பக்கம் போன் ஹாட்ஸ்பாட்டில் வேலை செய்கிறவர்கள் இதை முதலில் சந்தேகப்படலாம். தமிழ்நாடும் கேரளமும் தனித்தனி டெலிகாம் வட்டம். ஒரே கம்பெனி சிம்மாக இருந்தாலும், போன் அந்தப் பக்கத்து டவருக்குத் தாவினால் டேட்டா இணைப்பு அறுந்துவிடலாம். கிரேடில் ஜிப்போ 100 எம்பிக்கு மேல். ஆகவே போன் செட்டிங்கில் நெட்வொர்க் தேர்வை 'ஆட்டோமேட்டிக்'கில் விடாமல், சிக்னல் நிலையாக உள்ளதைக் கையாலேயே தேர்ந்தெடுங்கள்.

இனி சுத்தம் செய்யலாம். 'கிளீன் புராஜெக்ட்' இதற்கு உதவாது. அதை ஓட்டுவதற்கே கிரேடில் வேண்டும். 'இன்வாலிடேட் கேஷஸ்' ஸ்டூடியோவின் கேஷை மட்டும்தான் அழிக்கும்.

1. ஸ்டூடியோவை மூடுங்கள். விண்டோஸில் டாஸ்க் மேனேஜரைத் திறந்து, மிச்சமிருக்கும் ஜாவா பிராசஸையும் நிறுத்துங்கள். அது ஓடிக்கொண்டிருந்தால் ஃபைல் அழியாது.

2. உங்கள் யூசர் ஃபோல்டரில், புள்ளியில் தொடங்கும் கிரேடில் ஃபோல்டர் இருக்கும். அதற்குள் ராப்பர், அதற்குள் டிஸ்ட்ஸ். அங்கே பிரச்சினை தரும் வெர்ஷனின் ஃபோல்டரை மட்டும் அழியுங்கள். மொத்த கிரேடில் ஃபோல்டரையும் அழித்தால் லைப்ரரிகள் எல்லாம் மறுபடி இறங்க வேண்டிவரும். நெட் சரியில்லாத ஊரில் அது பெரிய தண்டனை.

3. புராஜெக்ட்டின் கிரேடில்-ராப்பர் பிராப்பர்ட்டீஸ் ஃபைலில் முகவரி 'ஆல்' ஜிப்பைக் காட்டினால் 'பின்' என்று மாற்றுங்கள். 'ஆல்'லில் கூடுதலாக இருப்பவை சோர்ஸும் டாக்குமெண்டும்தான்; பில்டுக்கு அவை தேவையில்லை. அதே ஃபைலில் நெட்வொர்க் டைம்அவுட் 10000 என்றிருக்கும், அதாவது 10 விநாடி. 120000 ஆக்குங்கள்.

4. மறுபடி சிங்க் கொடுங்கள். அதே டிஸ்ட்ஸ் ஃபோல்டருக்குள், ஜிப்பின் பெயரோடு '.ஓகே' என்று முடியும் ஃபைல் வந்துவிட்டால் வேலை முடிந்தது. '.பார்ட்' மட்டும் நின்றால் இன்னும் பாதிதான்.

அப்படியும் இறங்கவில்லையா? நல்ல நெட் உள்ள இடத்தில் அதே ஜிப்பை இறக்கி பென்டிரைவில் கொண்டுவாருங்கள். வெர்ஷன் ஃபோல்டருக்குள் எழுத்தும் எண்ணும் கலந்த பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கும், '.பார்ட்' ஃபைலை அழித்துவிட்டு ஜிப்பை அதில் வையுங்கள். பிரிக்க வேண்டாம். அந்த ஃபோல்டரின் பெயரையும் தொடாதீர்கள்: டவுன்லோடு முகவரியிலிருந்து கணக்கிட்டு வந்த பெயர் அது. 'ஆல்'லை 'பின்' ஆக்கினால் ஃபோல்டரும் மாறும், அதனால் 3-ஐ முடித்து ஒருமுறை சிங்க் கொடுத்த பிறகே இதைச் செய்யுங்கள்.

பின்சேர்க்கை: ஜிப் சரியாகி, 'அன்சப்போர்ட்டட் கிளாஸ் ஃபைல் மேஜர் வெர்ஷன் 65' வந்தால் அது ஜாவா தகராறு. எண்ணிலிருந்து 44-ஐக் கழியுங்கள்: 65 என்றால் ஜாவா 21. கிரேடில் 8.5-க்கு முந்தையவை அதில் ஓடாது. ஸ்டூடியோ செட்டிங்ஸில் 'கிரேடில் ஜேடிகே'யை (கிரேடில் ஓடும் ஜாவாவை) 17-க்கு மாற்றுங்கள்.