நவ்ரூஸ் வீட்டில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அசர்பைஜானின் தலைநகரான பாகூவில் புதிதாகக் குடியேறியவர்களும், பெரியவர்களைப் பிரிந்து தனிக்குடித்தனம் வந்த இளம் தம்பதிகளும் மார்ச் பிறந்தால் ஆசையோடு வசந்தப் புத்தாண்டான நவ்ரூஸுக்குத் தயாராகிறார்கள். ஆனால் ஆண்டுதோறும் அதே தவறுகள்தான் நடக்கின்றன. வீட்டைத் துடைக்கவும் முட்டைக்குச் சாயம் ஏற்றவும் யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, அவற்றை விட்டுவிடுவோம்.

செமேனியை மூழ்கடிப்பது

தட்டில் வளர்த்து, சிவப்பு ரிப்பன் கட்டி, பலகாரத் தட்டான கோன்சாவின் நடுவில் வைக்கும் கோதுமை நாற்றுதான் செமேனி. இதைக் கெடுப்பதைப் பார்த்தால் இன்றும் எரிச்சல் வருகிறது. கெட்டபின் மறுபடி வளர்க்க நாள் இருக்காது.

வாடிவிடுமோ என்று பயந்து தட்டு நிறையத் தண்ணீர் ஊற்றுகிறார்கள். நீருக்குள் கிடக்கும் விதைக்குக் காற்று கிடைக்காது. முதலில் புளித்த வாடை, பிறகு பூஞ்சை.

மார்ச் 20க்கு இரண்டு வாரம் முன்பே தொடங்குங்கள். 25 செ.மீ. தட்டுக்குச் சுமார் 100 கிராம் முழுக்கோதுமை போதும். உடைத்தது முளைக்காது, மருந்து தடவிய விதைக்கோதுமை வேண்டவே வேண்டாம். கழுவி, ஓர் இரவு ஊறவைத்து, நீரை ஒட்ட வடித்து, ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் பரப்புங்கள். நனைத்துப் பிழிந்த மெல்லிய துணியால் மூடி, காலையும் மாலையும் அதன்மேல் தெளியுங்கள். தட்டைச் சாய்த்தால் ஓரத்தில் நீர் தேங்குகிறதா? உடனே வடித்துவிடுங்கள்.

முளை துணியைத் தூக்கத் தொடங்கியதும் துணியை எடுத்துவிட்டு வெளிச்சத்தில் வையுங்கள். ஜன்னலுக்குக் கீழே ஹீட்டர் இருந்தால் அங்கே வேண்டாம். வேர் காய்ந்து நுனி மஞ்சளாகும். வேரைச் சுற்றி வெண்பஞ்சு போலத் தெரிந்ததும் பூஞ்சை என்று தூக்கிப்போடாதீர்கள். நீர் தெளித்ததும் அடங்கினால் அது வேர்த்தூவி.

நேரமில்லாதவர்கள் சந்தையில் வாங்கலாம், குறையே இல்லை.

செவ்வாய்களை விடுவது

நவ்ரூஸுக்கு முந்தைய நான்கு செவ்வாய்க்கிழமைகளும் ஒவ்வொன்றுக்கு உரியவை, நீர், நெருப்பு, காற்று, மண் என்ற வரிசையில் வரும். அவை வேலைநாட்கள் என்பதால் நகரத்து வீடுகளில் நழுவிப்போகின்றன. கடைசிச் செவ்வாய் மாலையாவது வீட்டில் இருங்கள்.

நெருப்பில் டயர் போடுவது

பண்டிகைக்கு மூட்டித் தாண்டும் நெருப்பில் டயர் கூடவே கூடாது. காய்ந்த விறகு மட்டும். நைலான் உடையோடு தாண்டாதீர்கள்.

தேநீரைத் ததும்ப ஊற்றுவது

பேரிக்காய் வடிவ ஆர்முது கண்ணாடிக் குவளையில் விளிம்புக்குக் கீழே ஒரு விரல் இடம் விடுங்கள். பால் வேண்டாம்.

தொப்பியை வெறுமையாக விடுவது

பண்டிகை மாலையில் பிள்ளைகள் பலகாரம் கேட்டு வாசலில் தொப்பியைப் போட்டுவிட்டு ஒளிந்துகொள்வார்கள். யாரென்று தேடாதீர்கள். வால்நட், சாயமுட்டை, பருப்பு பூரணம் வைத்த இனிப்பான ஷெக்கர்புரா போட்டு வெளியே வைத்துவிட்டுக் கதவைச் சாத்துங்கள். அடுக்குமாடிகளில் கீழ்வாசல் பூட்டியிருந்தால் பிள்ளைகள் மேலே வரவே முடியாது. அன்று மாலை திறந்துவைக்கும்படி அக்கம்பக்கத்தாரிடம் முன்கூட்டியே பேசிவையுங்கள்.