துணி துவைக்கும் காட்சியில் கதவு அறையும் சத்தம்

போன மாதம் 2 நிமிடப் படம் ஒன்று எடுத்தேன். கல்லில் துணியை அடித்துத் துவைக்கும் இரண்டு கைகள், அவ்வளவுதான். அடி விழும் சத்தத்தை எடுத்துவிட்டு, கதவை அறைந்து சாத்தும் சத்தத்தை வைத்தேன். பார்த்தவர்கள் எல்லோரும் ஒன்றைத்தான் கேட்டார்கள்: "அந்த அம்மாவுக்கு யார் மேல இவ்வளவு கோபம்?" முகமே படத்தில் இல்லை!

நீங்களும் செய்து பாருங்கள்.

1. போனை ஸ்டாண்டில் அசையாமல் நிறுத்தி, திரும்பத் திரும்ப நடக்கும் ஒரு வேலையை எடுங்கள். அப்புறம் அதே இடத்தில் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் ஒலியை மட்டும் பதியுங்கள். ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே இதைப் போடாவிட்டால் காது அடைத்ததுபோல இருக்கும்.

2. கதவுச் சத்தத்தை 48 கிலோஹெர்ட்ஸ் வேவ் ஃபைலாக (WAV, ஒலியைச் சுருக்காமல் வைக்கும் வகை) பதியுங்கள். மைக் கொஞ்சம் தள்ளியே இருக்கட்டும், பக்கத்தில் வைத்தால் சத்தம் உடைந்துவிடும்.

3. நான் மாட்டிக்கொண்டது இங்கேதான். முதல் அடி கச்சிதமாகப் பொருந்தியது, கடைசி அடிக்குள் சத்தம் எங்கேயோ போய்விட்டது. இரண்டு ராத்திரி ஒவ்வொரு அடியாக நகர்த்திக்கொண்டிருந்தேன். பல போன்கள் வெளிச்சத்துக்கு ஏற்ப ஃப்ரேம் வேகத்தை, அதாவது ஒரு நொடிக்கு எத்தனை படம் என்பதை, கூட்டிக் குறைக்கும், அதுதான் காரணம். அதனால் எடிட்டிங்குக்கு முன்பே ஹேண்ட்பிரேக் (HandBrake) என்ற இலவச மென்பொருளில் வீடியோவைப் போட்டு, 'கான்ஸ்டன்ட் ஃப்ரேம்ரேட்' (மாறாத வேகம்), நொடிக்கு 25 ஃப்ரேம் என்று வைத்து மாற்றிவிடுங்கள்.

4. எடிட்டிங்குக்கு டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்பே போதும். போன் ஆப்கள் வேண்டாம் என்பேன். ஒலியின் அலைவடிவத்தைப் பெரிதாக்கிப் பார்த்தே ஆக வேண்டிய வேலை இது. கதவின் கீல் கிறீச்சிடும் பகுதியை வெட்டிவிட்டு, துணி கல்லைத் தொடும் அதே ஃப்ரேமில் அலையின் உயரமான மேட்டை வையுங்கள். ஒரு ஃப்ரேம் என்பது 40 மில்லிசெகண்ட். சத்தம் ஓரிரு ஃப்ரேம் பிந்தினால் கண் பொறுத்துக்கொள்ளும், முந்தினால் உறுத்தும்.

சரியாக உட்கார்ந்ததும், அது கதவு என்பதையே மனம் மறந்துவிடும். ஒரே நொடியில் வரும் ஒலியும் காட்சியும் இப்படி ஒட்டிக்கொள்வதற்கு பிரெஞ்சு ஆய்வாளர் மிஷேல் ஷியோன் 'சின்க்ரெசிஸ்' என்று பெயர் வைத்தார். பின்னணி இசை மட்டும் தயவுசெய்து வேண்டாம். கோபமா சோகமா என்று அது முந்திக்கொண்டு சொல்லிவிடும்.

பின்சேர்க்கை: செய்து பார்த்த இரண்டு பேர், ஸ்பீக்கரில் போட்டால் எல்லாச் சத்தமும் முன்னாலேயே வருகிறது என்றார்கள். இருவரும் ப்ளூடூத் ஹெட்போனில் வேலை செய்திருக்கிறார்கள். அதில் ஒலி தாமதமாக வரும், நாமும் தெரியாமல் முன்னால் தள்ளிவிடுவோம். வயர் ஹெட்போன் போட்டு மறுபடி பொருத்துங்கள்.