ஸ்டாப் மோஷன்: பொம்மை மட்டும்தான் அசைய வேண்டும்

சிங்கப்பூரின் வீவக அடுக்குமாடி வீட்டுச் சாப்பாட்டு மேசை, ஒரு கைப்பேசி, பிளாஸ்டிசின் களிமண். பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு நிலையையும் படமெடுத்து, வரிசையாக ஓட்டி அசைய வைப்பதுதான் ஸ்டாப் மோஷன். அதற்கு இவ்வளவு போதும். விநாடிக்கு 12 படம் என்றால் பத்து விநாடிக் காட்சிக்கு 120 படம். அந்த 120 படத்திலும் நாம் அசைக்காத எதுவும் மாறக் கூடாது. பலருக்கு இங்கேதான் சறுக்குகிறது.

பெரிய எதிரி சன்னல் வெளிச்சம். சிங்கப்பூர் வானத்தில் மேகம் வந்து வந்து போகும். எடுக்கும்போது தெரியாது, ஓட்டிப் பார்த்தால் காட்சி முழுக்கப் படபடவென்று மின்னும். திரைச்சீலையை இழுத்து மூடிவிட்டு மேசை விளக்கில் எடுங்கள். இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அதனால் மலிவான எல்இடி விளக்கு விநாடிக்கு 100 தடவை துடிக்கும். ஷட்டரை, அதாவது ஒரு படத்துக்கு வெளிச்சம் உள்ளே வரும் நேரத்தை, 1/50 அல்லது 1/25 விநாடி என்று வைத்தால் முழுத் துடிப்புகளே பதிவாகும்; வெளிச்சம் சீராக இருக்கும். ஃபோகஸ், எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு), ஒயிட் பேலன்ஸ் (நிறச் சமநிலை) எதையும் ஆட்டோவில் விடாதீர்கள். வெள்ளைச் சட்டை போட்டால் அதன் வெளிச்சம் பொம்மை முகத்தில் அடிக்கும். கறுப்பு போடுங்கள்.

பிளாஸ்டிசினில் எண்ணெய் உண்டு, சூட்டில் இளகும். விளக்குப் பக்கத்தில் நிற்கும் பொம்மை மெல்லத் தலை குனிந்துவிடும். ஏர்கான் போடுங்கள், மின்விசிறி வேண்டாம், காகித மரமும் கம்பளி முடியும் ஆடும். உள்ளே 1.5 மி.மீ. அலுமினியக் கம்பியை இரட்டையாக முறுக்கி எலும்பாக வையுங்கள். அடிக்கடி மடங்கும் முழங்கையில் கம்பி முறியும், மாற்றுக் கை ஒன்று தயாராக இருக்கட்டும். தலைக்குள் அலுமினியத் தாளை உருட்டி வைத்தால் பாரம் குறையும்.

அடுத்த தவறு, எல்லா அசைவையும் ஒரே அளவில் நகர்த்துவது. அப்படிச் செய்தால் பொம்மை இயந்திரமாகிவிடும். தே தாரிக் (இழுத்து ஆற்றும் பால் தேநீர்) ஆற்றும் கை மேலே போகட்டும்: 2 மி.மீ., 4, 7, 10, பிறகு 10, 7, 4, 2. உச்சியில் நான்கு படம் அப்படியே நிறுத்துங்கள். மொத்தம் 12 படம், ஒரு விநாடி. தேநீருக்குப் பழுப்புக் களிமண்ணைத் திரியாக உருட்டி, ஒவ்வொரு படத்துக்கும் கொஞ்சம் திருகிவிடுங்கள். திருகாவிட்டால் உறைந்த கயிறு போலத் தெரியும்.

விரல் ரேகையை மட்டும் குறையென்று வழித்தெடுக்காதீர்கள். களிமண்ணின் மேல் நெளியும் அந்தத் தடங்கள்தான் ஒரு மனிதக் கை இதைச் செய்தது என்று காட்டுகின்றன. இந்தக் கலையின் அழகே அதுதான். அழுக்கு வேறு விஷயம்: வெள்ளைக் களிமண்ணை முதலில் தொடுங்கள், கறுப்பைக் கடைசியில்.

முக்காலியை இடித்துவிட்டால், ஸ்டாப் மோஷன் செயலியில் ஆனியன் ஸ்கின்னை (முந்தைய படத்தை மங்கலாக மேலே காட்டும் வசதி) போட்டு அந்தப் படத்தோடு பொருத்திப் பாருங்கள். பொருந்தவில்லையா? கோணத்தை மாற்றி அடுத்த ஷாட்டாகத் தொடருங்கள்.