பூட்டிக் கிடந்த மும்பைக் கடை: மேல்முறையீட்டில் எங்கே சறுக்குகிறார்கள்?

மாட்டுங்கா, தாராவிப் பக்கம் பழைய பகடிக் கடை (முதலில் மொத்தமாக ஒரு தொகை கொடுத்துவிட்டு, பிறகு சொற்ப மாத வாடகையில் இருக்கும் கடை) வைத்திருப்பவர்களிடம் ஒரு நம்பிக்கை உண்டு: வாடகை தவறாமல் கட்டுகிறேன், சாவி என் கையில், என்னை யார் கிளப்ப முடியும்? கிளப்ப முடியும். 1999ஆம் ஆண்டின் மகாராஷ்டிர வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில் பிரிவு 16(1)(என்) அதற்குத்தான் இருக்கிறது. வழக்குப் போட்ட தேதிக்கு நேர் முந்தைய ஆறு மாதமும், தக்க காரணமில்லாமல், எதற்காக வாடகைக்கு எடுத்தோமோ அதற்கு இடத்தைப் பயன்படுத்தவில்லை என்றால் காலி செய்ய உத்தரவிடலாம். ஆகவே அந்த உத்தரவை எதிர்த்துப் போடும் மேல்முறையீட்டு மனுவில் வாடகை ரசீதுகளை அடுக்குவதில் பயன் இல்லை. கேள்வி வாடகையைப் பற்றியதே அல்ல.

பெரும்பாலும் கோட்டை விடுவது அந்த ஆறு மாதக் கணக்கில்தான். வழக்கு ஜூலை 10 அன்று பதிவானது என்று வையுங்கள். பேச வேண்டியது ஜனவரி 10 முதல் ஜூலை 9 வரை மட்டும். நோட்டீஸ் வந்த பிறகு ஷட்டரைத் தூக்கி, ஆகஸ்டு மாத பில்லைக் கொண்டுபோய் நீட்டுவதில் பிரயோஜனமில்லை. பெஸ்ட் (மும்பையில் மின்சாரம் தரும் நிறுவனம்) மின்சார பில்லில் கட்டிய தொகையைப் பார்க்காதீர்கள், யூனிட்டைப் பாருங்கள். பணம் கட்டியிருந்தும் யூனிட் சைபர் என்றால் அந்த பில் வீட்டுக்காரருக்குத்தான் சாட்சி சொல்லும்.

'தக்க காரணம்' அடுத்தது. உடம்பு முடியவில்லை, கட்டட ரிப்பேர் நடந்தது என்பதையெல்லாம் கீழ்க் கோர்ட்டில் பதிலுரையிலேயே சொல்லியிருக்க வேண்டும். அங்கே "தினமும் கடை திறந்தேன்" என்று சொல்லிவிட்டு, மேலே வந்து "ஆஸ்பத்திரியில் இருந்தேன்" என்றால் இரண்டும் போச்சு. புது ஆவணத்தை மேல்முறையீட்டில் சேர்ப்பது கஷ்டம். முன்பே ஏன் தரவில்லை என்பதற்கு நம்பும்படியான பதில் வேண்டும்.

மேல்முறையீட்டுக்குக் கெடு 30 நாள். தீர்ப்பு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்கள்; நகல் தயாராக ஆகும் நாட்கள் கெடுவில் சேராது, ஆனால் மனுப் போடாமல் தூங்கிய நாட்கள் சேரும். மும்பையில் மேல்முறையீட்டைக் கேட்பது முதலில் வழக்கைக் கேட்ட அதே ஸ்மால் காசஸ் கோர்ட்டின் இரு நீதிபதிகள் அமர்வு. தீர்ப்பெழுதிய நீதிபதி அதில் இருக்க மாட்டார். அதற்கு மேல் இன்னொரு அப்பீல் கிடையாது. ஹைகோர்ட்டில் சீராய்வு மனுப் போடலாம், ஆனால் அங்கே சாட்சியங்களை முதலிலிருந்து அலசுவதில்லை. குறுக்கு விசாரணையில் நீங்கள் சொன்னதை வரிவரியாகப் படித்து வாதாட அந்த இரு நீதிபதிகள் அமர்வுதான் கடைசி இடம்.

அப்பீல் போட்டாலே உத்தரவு நின்றுவிடும் என்பது தப்பு. தடையாணை தனியாகக் கேட்க வேண்டும், அதற்கு விலையும் உண்டு. டெல்லி கன்னாட் பிளேஸில் மாதம் 371 ரூபாய் 90 காசு வாடகையில் இருந்த ஒரு இடத்துக்கு, தடையாணைக்கு நிபந்தனையாக மாதம் 15,000 ரூபாய் கட்டச் சொன்னதை 2004இல் சுப்ரீம் கோர்ட் சரி என்றது. பகடி வாடகையிலேயே காலம் தள்ளலாம் என்று கணக்குப் போடாதீர்கள்.

அப்புறம், கடை ஓடுகிறது என்று காட்ட மச்சானை உட்கார வைத்து அவரிடம் மாதாமாதம் ஏதாவது வாங்குவது. உள்வாடகை என்று வீட்டுக்காரருக்கு இன்னொரு வழக்கை நீங்களே எழுதிக் கொடுக்கிறீர்கள்.