விடுதலைப் போர்ல எத்தனை பேர் செத்தாங்கன்னு தேடுறீங்களா? இப்படிப் படிங்க

முதல்ல கண்ணுல படுற நம்பர அப்படியே எடுத்துக்காதீங்க, அத யார் எண்ணுனாங்கன்னு பாருங்க. அல்ஜீரியாவுல பிரான்ஸ் ஆட்சிய எதிர்த்து நடந்த 1954-62 போருக்கு அந்த நாட்டு அரசு 15 லட்சம்னு சொல்லுது, பிரான்ஸ் ஆய்வாளர்கள் நெறைய பேர் சில லட்சத்தோட நிறுத்திக்கிறாங்க. ரெண்டையும் கூட்டி ரெண்டால வகுக்குற வேலையெல்லாம் வேணாம், யார் சொன்னதுங்கறதோட சேத்து ரெண்டையுமே எழுதி வைங்க.

அப்புறம் மொத்தத்தப் பிரிங்க, வேலையே இங்கதான். 1916 ஈஸ்டருக்கு அயர்லாந்து டப்ளின்ல பிரிட்டிஷ் ஆட்சிய எதிர்த்து நடந்த எழுச்சி ஒரு வாரம்கூட முழுசா ஓடல, அந்த ஊர் கல்லறைத் தோட்டத்தப் பாத்துக்கிற கிளாஸ்னெவின் டிரஸ்ட் பேர் பேரா தேடிப் போட்ட கணக்குல செத்தது 485 பேர். அதுல பிரிட்டிஷ் ராணுவம் 126, போலீஸ் 17, போராளிங்க 82, மிச்சம் 260 பேரும் பொதுமக்கள்! அந்த 82லயும் 16 பேர் சண்டைல சாகல, பிடிச்சு மரண தண்டனை குடுத்தது, பாட்டும் சிலையும் பெரும்பாலும் இவங்களுக்குத்தான். டப்ளின் நார்த் கிங் தெருவுல பிரிட்டிஷ் சிப்பாய்ங்க வீடு புகுந்து கொன்ன ஆம்பளைங்களும், தெருவுல குண்டு பட்ட சின்னப் பசங்களும் அந்த 260க்குள்ளதான் கிடக்குறாங்க.

எப்படிச் செத்தாங்கன்னு அரசு அறிக்கைல இருந்தா இன்னொரு இடத்துலயும் செக் பண்ணுங்க. பிரிட்டிஷ் ஆட்சில இருந்த கென்யாவுல 1959 மார்ச்ல ஹோலாங்கற தடுப்பு முகாம்ல 11 கைதிங்க செத்தப்போ, தண்ணி குடிச்சப்புறம் செத்தாங்கன்னுதான் முதல்ல அறிக்கை விட்டாங்க, வேலை செய்ய மாட்டோம்னு சொன்னதுக்கு காவலாளிங்க கட்டையால அடிச்சே கொன்னது பின்னாடிதான் வெளிய வந்துச்சு.

நமக்குப் பிடிச்ச பக்கம் கொன்னதயும் அதே நோட்ல எழுதணும், கஷ்டமாத்தான் இருக்கும். 1953ல கென்யாவுல லாரிங்கற ஊர்ல, பிரிட்டிஷ் ஆட்சிய எதிர்த்துப் போராடுன மாவ் மாவ் இயக்கத்து ஆளுங்க, அரசுக்கு ஆதரவா இருந்த கிகுயு இனக் குடும்பங்கள வீட்டோட வச்சுக் கொளுத்துனாங்க, செத்ததுல பொம்பளைங்களும் குழந்தைங்களும்தான் அதிகம். உடனே பழிவாங்கக் கிளம்புன அரசுப் பக்கத்து ஆளுங்களும் நெறைய பேரக் கொன்னாங்க, அதயும் விடாதீங்க.

சாகாதவங்களுக்குத் தனியா ஒரு பக்கம் ஒதுக்குங்க. அதே கென்யாவுல பிரிட்டிஷ் அரசு 10 லட்சத்துக்கு மேல ஜனங்கள சொந்த நிலத்துலருந்து கிளப்பி வேலி போட்ட கிராமங்கள்ல அடைச்சாங்க, முகாம்ல சித்திரவதைப்பட்டு உயிரோட இருந்த 5,228 பேருக்கு பிரிட்டன் இழப்பீடு குடுக்க ஒத்துக்கிட்டதே 2013லதான். இந்த மாதிரி ஆளுங்க சாவுக் கணக்குல வரவே மாட்டாங்க, கோர்ட் வழக்கு ஆவணங்கள்லதான் தேடணும்.