கம்பெனியில பாலியல் தொல்லையா? புகாரை இப்படி எழுதுங்க

திருப்பூர்ல பனியன் கம்பெனியில செக்கிங் டேபிள்ல இருக்கேன். இந்த மாதிரி புகாரை விசாரிக்க கம்பெனிக்குள்ளயே இருக்கிற உள்ளகப் புகார்க் குழுவுலயும் ஒரு உறுப்பினர். உதவி கேட்டு வர்ற பிள்ளைங்ககிட்ட முதல்ல சொல்றது இதான்: "அசிங்கமா பேசினாரு"ன்னு மொட்டையா எழுதாதீங்க. என்ன தேதி, எந்த ஷிப்ட், பக்கத்து மெஷின்ல யாரு இருந்தாங்க, அவர் வாயில வந்த வார்த்தை என்ன, அப்படியே எழுதுங்க. கூசும்தான். கூசினாலும் எழுதுங்க. வாட்ஸ்அப்ல வந்திருந்தா நம்பரும் நேரமும் தெரியற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுங்க, மெசேஜை அழிச்சிடாதீங்க.

கடைசியா நடந்த நாள்ல இருந்து 3 மாசத்துக்குள்ள கொடுக்கணும். தக்க காரணம் இருந்தா குழு இன்னும் 3 மாசம் நீட்டிக்கலாம். 6 பிரதி. எழுத வரலைன்னா உதவ வேண்டியது குழுவோட கடமை. வேலை இடத்துல பெண்களுக்கு நடக்கிற பாலியல் தொல்லையைத் தடுக்கிற 2013 சட்டத்துலயே இருக்கு.

அதே ஆளுக்குக் கீழ வேலை பார்க்கப் பயமா? இடமாற்றமோ 3 மாசம் வரை லீவோ எழுத்துல கேளுங்க. உங்க சொந்த லீவுல கழிக்கக் கூடாது. விசாரணை 90 நாள்ல முடியணும். நடுவுல "காசு வாங்கிட்டு விட்டுடும்மா"ன்னு ஒருத்தர் வருவாரு, எப்பவும் வருவாரு. சமரசம் நீங்க கேட்டாத்தான். அதுவும் பணத்தை வச்சு சமரசம் பண்ணச் சட்டத்துல இடமே இல்ல.

10 பேருக்குக் குறைவான யூனிட்டு, வீட்டு வேலை, இல்ல முதலாளி மேலயே புகார்னா மாவட்ட உள்ளூர்க் குழுவுக்குக் கொடுங்க. மாவட்ட சமூக நல அலுவலகத்துல விசாரிங்க. மிரட்டினா, கை வச்சா காத்திருக்காம 112. மகளிர் உதவிக்கு 181, ராத்திரியும் எடுப்பாங்க.